கோப்புகளிலிருந்து மக்கள் மன்றத்துக்கு: டாக்டர் கோ கெங் சுவீ கடந்து வந்த பாதை

அரசாங்க அலுவலகத்தில் கோப்புகளைப் புரட்டிக் கொண்டிருந்த ஓர் அதிகாரி, அந்த நாற்காலியை விட்டு எழுந்து மக்களிடம் வாக்குக் கேட்கப் போனால் என்ன ஆகும்? அதிகாரியாக இருந்தபோது அவர் கேட்ட நியாயம், அமைச்சரான பிறகும் அவர் நினைவில் இருக்குமா? அல்லது நாற்காலி மாறியதும் நியாயமும் மாறிவிடுமா?

இந்தக் கேள்விகளுக்குச் சிங்கப்பூர் வரலாற்றில் பதில் தேடுவோர் முதலில் பார்க்க வேண்டியது டாக்டர் கோ கெங் சுவீயின் வாழ்க்கையைத்தான். சிங்கப்பூர்ப் பொருளியலின் சிற்பி என்றும், ஆயுதப் படையை உருவாக்கியவர் என்றும் அவர் புகழப்படுகிறார். ஆனால், அமைச்சராவதற்கு முன் ஏறத்தாழ இருபது ஆண்டுக் காலம் அரசாங்க ஊழியராகவும் மாணவராகவும் அவர் மாறி மாறி இருந்தார் என்பது பலரின் நினைவில் இல்லை. அந்த இருபது ஆண்டுகளைப் புரிந்துகொள்ளாமல், பின்னால் வந்த இருபத்தைந்து ஆண்டுகளைப் புரிந்துகொள்ள முடியாது.

மலாக்காவில் தொடக்கம்

1918 அக்டோபர் 6-ம் நாள் மலாக்காவில் ஒரு பெரனாக்கான் சீனக் குடும்பத்தில் கோ கெங் சுவீ பிறந்தார். அவர் சிறு குழந்தையாக இருந்தபோதே குடும்பம் சிங்கப்பூருக்கு வந்துவிட்டது. ஆங்கிலோ சீனப் பள்ளியில் படித்த அவர், பின்னர் ராஃபிள்ஸ் கல்லூரியில் சேர்ந்தார். பொருளியல் பாடத்தில் தனிச் சிறப்புடன் 1939-ல் தேர்ச்சி பெற்றார்.

அக்காலத்தில் ஆங்கிலம் படித்த இளைஞர்களுக்குக் கனவு ஒன்றுதான்: அரசாங்க வேலை. கோவும் அந்த வழியில்தான் போனார். போர்க்கால வரித் துறையில் அவருக்கு வேலை கிடைத்தது. வரி வசூலிப்பவராகத் தொடங்கிய அவர், அந்த வேலையில் பெரிதாகப் பெயர் வாங்கவில்லை. போர் நெருங்கியபோது சிங்கப்பூர்த் தொண்டூழியர் படையில் சேர்ந்தார். 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் ஜப்பானியரிடம் வீழ்ந்தது. எவராலும் வெல்ல முடியாதது என்று சொல்லப்பட்ட வெள்ளையர் ஆட்சி ஒரு வாரத்தில் சரிந்ததைக் கண்ணால் கண்ட தலைமுறை அவருடையது. அந்தக் காட்சியே பின்னாளில் அந்தத் தலைமுறையில் பலரை அரசியலுக்கு இழுத்து வந்தது.

ஏழ்மையைக் கணக்கெடுத்தவர்

போர் முடிந்ததும், 1946-ல் புதிதாக அமைக்கப்பட்ட சமூக நலத்துறையில் கோ சேர்ந்தார். சிங்கப்பூர் அப்போது பசியில் கிடந்தது. அரிசி கிடைக்கவில்லை. கள்ளச் சந்தை கொழித்தது. குறைந்த விலையில் சாப்பாடு தரும் மக்கள் உணவகங்களை அத்துறை நடத்தியது. விரைவிலேயே அத்துறையின் ஆய்வுப் பிரிவுக்குக் கோ பொறுப்பேற்றார். அவருடைய திறமை வெளிப்பட்டது இங்கேதான்.

மக்கள் எவ்வளவு சம்பாதிக்கிறார்கள்? ஓர் அறையில் எத்தனை பேர் படுக்கிறார்கள்? வாடகைக்கு எவ்வளவு போகிறது? எல்லாரும் வறுமையைப் பற்றிப் பேசினார்கள். கோ அதை எண்ணிப் பார்த்தார். 1953, 1954-ம் ஆண்டுகளில் நடந்த சமூக ஆய்வின் அடிப்படையில், நகர மக்களின் வருமானமும் வீட்டு நிலையும் குறித்து அவர் எழுதிய அறிக்கை இன்றும் ஆய்வாளர்களால் எடுத்துக்காட்டப்படுகிறது. சைனாடவுன் கடைவீடுகளின் மேல்மாடியில் பலகைத் தடுப்புகளுக்குள் குடும்பம் குடும்பமாக மக்கள் முடங்கிக் கிடந்ததை எண்களாக அரசாங்கத்தின் மேசைக்குக் கொண்டு போனவர்களில் அவர் முக்கியமானவர். பின்னாளில் அவரைத் தேர்ந்தெடுத்த கிரேத்தா ஆயர் தொகுதியும் அந்த வட்டாரம்தான் என்பது குறிப்பிடத்தக்கது.

இடையில் 1948-ல் உதவிச் சம்பளம் பெற்று லண்டன் பொருளியல் கல்லூரிக்குச் சென்றார். 1951-ல் முதல் வகுப்பில் தேறியதோடு, புள்ளியியலில் மிக உயர்ந்த மதிப்பெண்ணுக்கான வில்லியம் ஃபார் பரிசையும் வென்றார். லண்டனில் படித்த மலாயா, சிங்கப்பூர் மாணவர்கள் 1949-ல் மலாயன் ஃபோரம் என்ற விவாதக் கழகத்தைத் தொடங்கியபோது அதன் முதல் தலைவரும் அவரே. பின்னாளில் மலேசியாவின் பிரதமரான துன் அப்துல் ரசாக், சிங்கப்பூரின் துணைப் பிரதமரான டாக்டர் டோ சின் சாய் ஆகியோர் அந்த வட்டத்தைச் சேர்ந்தவர்கள்.

ஒரே வேலை, இரண்டு சம்பளம்

லண்டனில் முதல் வகுப்பு வாங்கித் திரும்பியவருக்குச் சிங்கப்பூரில் காத்திருந்தது பழைய நிலைமைதான். ஒரே அலுவலகம், ஒரே பொறுப்பு. ஆனால் வெள்ளைக்கார அதிகாரிக்குக் கிடைத்த படிகள் உள்ளூர் அதிகாரிக்குக் கிடையாது. 1952-ல் வெளிநாட்டு அதிகாரிகளின் குடும்பப் படியை அரசாங்கம் உயர்த்தியபோது, உள்ளூர் ஊழியர்களின் பொறுமை எல்லை மீறியது.

கோவும் அவருடைய சக அதிகாரியான கே.எம். பர்னும் சேர்ந்து கூட்டு நடவடிக்கை மன்றத்தை அமைத்தனர். அரசாங்க ஊழியர்களின் பல சங்கங்கள் அதில் ஒன்றுதிரண்டன. அதற்குச் சட்ட ஆலோசனை வழங்கியவர், அப்போது இளம் வழக்கறிஞராக இருந்த லீ குவான் இயூ. அதே ஆண்டில்தான் தபால்காரர்களின் வேலைநிறுத்தமும் நடந்தது. அவர்களுக்காகவும் லீ வாதாடினார். பத்திரிகையாளர் எஸ். ராஜரத்னம் அவர்களுக்கு ஆதரவாக எழுதினார்.

அரசாங்கம் இறங்கி வர வேண்டியதாயிற்று. படியை வென்றதோடு அந்தப் போராட்டம் நின்றுவிடவில்லை. சங்கத்தார், வழக்கறிஞர், பத்திரிகையாளர், அதிகாரி என்று தனித்தனியாக இருந்தவர்களை அது ஓர் அணியாக்கியது. ஆக்ஸ்லி ரோடு 38-ம் எண் வீட்டில் கூடிப் பேசியவர்களில் கோவும் ஒருவர். ஆனால், அரசாங்க ஊழியர் கட்சி அரசியலில் ஈடுபடக் கூடாது என்பது விதி. 1954 நவம்பரில் மக்கள் செயல் கட்சி பிறந்தபோது அவர் மேடையில் இல்லை. அந்த ஆண்டு முனைவர் பட்ட ஆய்வுக்காக அவர் மீண்டும் லண்டன் சென்றிருந்தார். 1956-ல் பட்டத்தை முடித்துத் திரும்பி, படிப்படியாக உயர்ந்து, முதலமைச்சர் அலுவலகத்தின் கீழ் இயங்கிய சமூக, பொருளியல் ஆய்வுப் பிரிவின் இயக்குநரானார்.

உள்ளூர்க்காரர் ஒருவர் எட்டக்கூடிய உயரத்தை எட்டியாயிற்று. வேறொருவராக இருந்தால் ஓய்வு பெறும் நாளை எண்ணிக்கொண்டு அங்கேயே இருந்திருப்பார். கோ 1958-ல் அந்தப் பதவியை விட்டு விலகி, முழுநேரமும் கட்சிப் பணியில் இறங்கினார். அப்போது அவருக்கு வயது நாற்பதை நெருங்கிக் கொண்டிருந்தது. கட்சி வெல்லுமா என்பது அன்று எவருக்கும் தெரியாது.

கத்தி தன் பக்கமே திரும்பியது

1959 மே 30-ம் நாள் நடந்த தேர்தலில் மக்கள் செயல் கட்சி 51 இடங்களில் 43-ஐக் கைப்பற்றியது. கிரேத்தா ஆயர் உறுப்பினராகச் சட்டமன்றத்துக்குள் நுழைந்த கோ, தன்னாட்சி பெற்ற சிங்கப்பூரின் நிதியமைச்சரானார். கணக்குப் புத்தகத்தைத் திறந்து பார்த்தால், அவ்வாண்டு சுமார் 14 மில்லியன் வெள்ளி பற்றாக்குறை விழும் என்று தெரிந்தது.

என்ன செய்வது? கடன் வாங்கலாம். சேமிப்பில் கை வைக்கலாம். கோ தேர்ந்தெடுத்த வழியில் செலவுக் குறைப்பே முதலில் நின்றது. அமைச்சர்கள் தங்கள் சம்பளத்தைக் குறைத்துக் கொண்டனர். அதோடு, குறிப்பிட்ட வருமானத்துக்கு மேல் சம்பளம் வாங்கிய அரசாங்க ஊழியர்களின் படியும் வெட்டப்பட்டது. கீழ்நிலை ஊழியர்கள்மீது கை வைக்கவில்லை. ஆனால் எழுத்தர்கள், நடுத்தர அதிகாரிகள் பலருக்கு அது பெரிய அடி. வாடகையையும் பிள்ளைகளின் பள்ளிச் செலவையும் அந்தப் படியை நம்பித் திட்டமிட்டிருந்த குடும்பங்கள் அவை.

ஏழு ஆண்டுகளுக்கு முன் அரசாங்க ஊழியர்களின் படிக்காகச் சங்கங்களைத் திரட்டியவர் யார்? அதே கோ. இப்போது அந்தப் படியை வெட்டியவர் யார்? அதே கோ. அன்று அவரோடு மன்றம் அமைத்த பர்னும் இப்போது அமைச்சரவையில் இருந்தார். ஊழியர் சங்கங்கள் கொதித்தெழுந்தது இயல்பே. தங்கள் வாக்குகளால் ஆட்சிக்கு வந்தவர்கள் தங்கள் வயிற்றிலேயே அடிப்பதாக அவர்கள் உணர்ந்தனர்.

கோவின் பக்கத்து நியாயமும் கேட்கத்தக்கதே. 1952-ல் அவர் எதிர்த்தது இன அடிப்படையிலான பாகுபாட்டை. 1959-ல் அவர் முன் நின்றது காலிக் கருவூலம். 1957 கணக்கெடுப்பின்படி சுமார் 14.5 லட்சம் மக்கள் வாழ்ந்த தீவில், அரசாங்க ஊழியர்கள் சிறு பகுதியினரே. வேலையே இல்லாதவர்கள் தெருவில் நிற்கும்போது, நிலையான வேலை உள்ளவர்கள் கொஞ்சம் விட்டுக்கொடுக்க வேண்டும் என்று அரசாங்கம் கருதியது. ஆண்டு முடிவில் 14 மில்லியன் பற்றாக்குறைக்குப் பதிலாக 1 மில்லியன் வெள்ளி உபரியை அவரால் காட்ட முடிந்தது. நிதிநிலை சீரடைந்த பின் அந்தப் படி மீண்டும் வழங்கப்பட்டது.

இருந்தாலும், வெட்டப்பட்டவரின் கோபம் பொய்யானதல்ல. அந்த வெட்டு சேவைக்கும் கட்சிக்கும் இடையே கசப்பை விதைத்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் அரசாங்கம் அரசியல் ஆய்வு நிலையத்தைத் திறந்து, மூத்த அதிகாரிகளுக்கு நாட்டின் நிலைமையையும் கம்யூனிச சவாலையும் விளக்கும் வகுப்புகளை நடத்தத் தொடங்கியது. ஊழியர்களின் ஒத்துழைப்பு இல்லாமல் எந்தத் திட்டமும் நடக்காது என்பது முன்னாள் ஊழியருக்குத் தெரியாதா என்ன?

சதுப்பு நிலத்தில் வைத்த பந்தயம்

மிச்சம் பிடித்த பணத்தை என்ன செய்தார்? வேலைகளை உருவாக்கச் செலவிட்டார். டச்சுப் பொருளியல் வல்லுநர் ஆல்பர்ட் வின்சிமியஸ் தலைமையில் ஐக்கிய நாட்டு நிறுவனக் குழு ஒன்று வந்து, தொழில்மயமே வழி என்று பரிந்துரைத்தது. 1961 ஆகஸ்டில் பொருளியல் வளர்ச்சிக் கழகம் தொடங்கப்பட்டது. அதற்கு 100 மில்லியன் வெள்ளி ஒதுக்கப்பட்டது.

ஜூரோங்கின் சதுப்பு நிலத்தையும் குன்றுகளையும் சமப்படுத்தித் தொழிற்பேட்டை அமைக்கும் வேலை தொடங்கியது. சாலை போட்டாயிற்று, நிலம் தயாராயிற்று. ஆலைகள்தான் வேகமாக வரவில்லை. காலியாகக் கிடந்த மனைகளைப் பார்த்தவர்கள் அதைக் 'கோவின் முட்டாள்தனம்' என்று கேலி செய்தனர். 1960-களின் பிற்பகுதியில் வெளிநாட்டு நிறுவனங்கள் வரத் தொடங்கிய பிறகுதான் கேலி அடங்கியது. தோற்றிருந்தால், ஊழியர்களின் வயிற்றைக் கட்டிச் சேர்த்த பணத்தைச் சேற்றில் போட்டவர் என்ற பெயரே அவருக்கு நிலைத்திருக்கும்.

இரு கருவூலங்கள்

1963-ல் சிங்கப்பூர் மலேசியாவில் இணைந்தது. கோலாலம்பூரில் கூட்டரசின் நிதியமைச்சராக இருந்தவர் டான் சியூ சின். அவர் கோவின் தாய்வழி உறவினர். மலாக்கா பெரனாக்கான் குடும்பங்களிலிருந்து வந்த இருவர், எதிரெதிர் மேசையில் அமர்ந்து வெள்ளிக் கணக்கு பேசினர். சிங்கப்பூர் தன் வரி வருவாயில் 40 விழுக்காட்டைக் கூட்டரசுக்குத் தருவது என்று ஒப்பந்தம். பின்னர் அதை 60 விழுக்காடாக உயர்த்தக் கோலாலம்பூர் கேட்டது. சிங்கப்பூர் எதிர்பார்த்த பொதுச் சந்தையோ கைகூடவில்லை. இனக் கலவரங்கள் நிலைமையை மேலும் மோசமாக்கின.

1965 ஜூலையில் துன் ரசாக்குடன் பேசப் போனவர் கோ. தளர்வான கூட்டாட்சி ஏற்பாட்டுக்கு முயல வேண்டும் என்பதே லீயின் விருப்பம். ஆனால் முற்றாகப் பிரிவதே நல்லது என்ற முடிவுக்குக் கோ வந்திருந்தார். ஜூலை 26 தேதியிட்டு, பேச்சு நடத்தத் தமக்கு அதிகாரம் அளிக்கும் கடிதத்தை லீயிடமிருந்து எழுதி வாங்கிக் கொண்டார். எதையும் எழுத்தில் வைத்துக்கொள்ளும் அதிகாரியின் பழக்கம் அவரை விட்டுப் போகவில்லை. அந்தக் காலத்துக் குறிப்புகளை 'அல்பட்ராஸ்' என்ற பெயரிட்ட கோப்பில் அவர் பாதுகாத்து வைத்தார். தாம் பிரிவினையை நோக்கியே பேசியதை 1990-களில் ஒரு பேட்டியில் அவரே வெளிப்படுத்தினார். அக்கோப்பின் ஆவணங்கள் 2025 இறுதியில் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டபோது, சிங்கப்பூர் வெறுமனே வெளியேற்றப்பட்டது என்று நம்பி வந்த பலருக்கு அது மறுபரிசீலனைக்கு உரிய செய்தியானது.

படை, பணம், பறவைகள்

சுதந்திர நாட்டின் முதல் உள்துறை, தற்காப்பு அமைச்சராகக் கோ பொறுப்பேற்றார். அன்று கையில் இருந்தவை இரண்டு காலாட்படைப் பிரிவுகள் மட்டுமே. தொண்டூழியர் படையில் கார்ப்பொரலாக இருந்த அனுபவம்தான் அவருடைய ராணுவ அறிவு. 1966-ல் ஆயுதப் படைப் பயிற்சிக் கழகம் தொடங்கியது. 1967-ல் தேசிய சேவைச் சட்டம் நிறைவேறியது. சீனர், மலாய்க்காரர், இந்தியர் எனப் பல இனத்து இளையர்களின் குடும்பங்கள் தங்கள் பிள்ளைகளை முகாமுக்கு அனுப்பும் வழக்கம் அன்று தொடங்கியது.

மீண்டும் நிதி, மீண்டும் தற்காப்பு, 1973 முதல் துணைப் பிரதமர் என அவருடைய பொறுப்புகள் வளர்ந்தன. சிங்கப்பூர் நாணய ஆணையமும், நாட்டின் சேமிப்பை முதலீடு செய்யும் ஜிஐசி நிறுவனமும் உருவானதில் அவருடைய பங்கு பெரிது. சிக்கனம் மட்டும் கடைசிவரை மாறவில்லை. 1971-ல் திறக்கப்பட்ட ஜூரோங் பறவைப் பூங்காவைப் பற்றி ஒரு செய்தி உண்டு. விலங்குகளைவிடப் பறவைகளுக்குத் தீனிச் செலவு குறைவு என்பதும் அவர் அதை விரும்பியதற்கு ஒரு காரணமாம்!

திறமையான அதிகாரிகளை அடையாளம் கண்டு பெரிய பொறுப்புகளைக் கொடுத்ததும் அவருடைய தனிச்சிறப்பு. நிதியமைச்சில் பணியாற்றிய ஜே.ஒய். பிள்ளை 1972-ல் சிங்கப்பூர் ஏர்லைன்ஸ் நிறுவனத்தின் தலைவரானார். தற்காப்பு அமைச்சில் பாதுகாப்பு, வேவுப் பிரிவுக்குத் தலைமை தாங்கிய எஸ்.ஆர். நாதன், 1974-ல் லாஜு படகுக் கடத்தலின்போது குவைத்துக்குப் பறந்து சென்ற குழுவை வழிநடத்தினார். பின்னாளில் அவர் நாட்டின் அதிபரானதைத் தமிழர்கள் அறிவார்கள்.

அவர் காட்டிய பாதையில் அரசாங்கச் சேவையிலிருந்து நாடாளுமன்றத்துக்கு வந்தவர்களும் உண்டு. பொருளியல் வளர்ச்சிக் கழகத்தின் முதல் தலைவரான ஹோன் சுய் சென் 1970-ல் நாடாளுமன்ற உறுப்பினராகி நிதியமைச்சரானார். அரசாங்கச் சேவையின் தலைவராக இருந்த ஹாவ் யூன் சோங் 1979-ல் அதே வழியில் வந்து தற்காப்பு அமைச்சரானார்.

எண்ணிக்கை எட்டாத இடம்

1979-ல் கோ கல்வி அமைச்சரானார். பெரும்பாலும் பொறியாளர்களைக் கொண்ட ஒரு குழுவை வைத்து அவர் தயாரித்த அறிக்கை, பள்ளிப் படிப்பைப் பாதியில் விடும் பிள்ளைகள் ஏராளம் என்றும், பலருக்கு இரு மொழிகளும் வசப்படவில்லை என்றும் வெளிப்படையாகக் கூறியது. அதற்கு மருந்தாக, தொடக்கநிலை மூன்றின் முடிவிலேயே பிள்ளைகளைத் தரம் பிரிக்கும் முறை வந்தது.

பலன் இல்லாமல் இல்லை. படிப்பைக் கைவிடுவோரின் விகிதம் பிற்காலத்தில் வெகுவாகக் குறைந்தது. பாடநூல்களுக்கென அமைக்கப்பட்ட பாடத்திட்ட மேம்பாட்டுக் கழகம் தமிழ்ப் பாடநூல்களையும் தயாரித்தது. ஆனால் ஒன்பது வயதுப் பிள்ளையின் எதிர்காலத்தை ஒரு தேர்வு அளந்துவிட முடியுமா என்று பெற்றோர்கள் கேட்டனர். மெதுவாகக் கற்கும் பிரிவில் போடப்பட்ட பிள்ளை, தன்னைத் தாழ்வாக நினைத்துக் கொண்டு வளர்ந்ததை எந்த அட்டவணையும் காட்டவில்லை. இந்தியக் குடும்பங்களிலும் அந்த வலியை அனுபவித்தவர்கள் உண்டு. உமறுப் புலவர் தமிழ் உயர்நிலைப்பள்ளி மாணவர் குறைவால் 1982-ல் மூடப்பட்டதும் அந்தக் காலகட்டத்தில்தான். அந்தச் சரிவு அவர் கல்வி அமைச்சுக்கு வருமுன்பே தொடங்கிவிட்டது என்பதையும் சொல்ல வேண்டும்.

தரம் பிரிக்கும் முறை பின்னர் படிப்படியாகத் தளர்த்தப்பட்டது. தொடக்கப்பள்ளிகளில் 2008-ல் பாட அடிப்படையிலான வகைப்பாடு அதன் இடத்தைப் பிடித்தது. உயர்நிலைப்பள்ளிகளில் 2024-ல் சேர்ந்த மாணவர்கள் முதல் பழைய பிரிவுகள் மறைந்தன. சைனாடவுன் அறைகளை எண்ணியபோது கோவின் எண்கள் ஏழைகளை அரசாங்கத்தின் கண்ணில் நிறுத்தின. பள்ளிப் பிள்ளைகளை எண்ணியபோது அதே முறை ஒரு நோயைக் கண்டுபிடித்தது. மருந்தின் பக்க விளைவைக் கவனிக்கத் தவறியது.

விட்டுச் சென்ற பாடம்

1984 டிசம்பர் தேர்தலில் கோ போட்டியிடவில்லை. கிரேத்தா ஆயர் மக்களின் பிரதிநிதியாக 25 ஆண்டுகள் இருந்துவிட்டு, 66 வயதில் ஒதுங்கிக் கொண்டார். பின்னர் சீன அரசாங்கம் கரையோரப் பொருளியல் வட்டாரங்கள் குறித்து அவருடைய ஆலோசனையை நாடியது. 2010 மே 14-ல் தமது 91-வது வயதில் அவர் காலமானார். அரசாங்க மரியாதையுடன் இறுதிச் சடங்கு நடந்தது.

நல்ல அதிகாரி நல்ல மக்கள் பிரதிநிதியாக முடியுமா என்ற கேள்விக்கு அவருடைய வாழ்க்கை ஆம் என்றே பதில் சொல்கிறது. ஆனால் அதற்கு ஒரு விலை உண்டு என்றும் அது சொல்கிறது. கோப்பை அறிந்தவருக்கு எங்கே பணம் வீணாகிறது என்று தெரியும். எந்த ஊழியர் திறமைசாலி என்று தெரியும். எந்த வாக்குறுதி நடக்காது என்றும் தெரியும். கூடவே, தம்முடைய பழைய சகாக்களையே பகைத்துக்கொள்ளும் துணிவும் வேண்டும். எல்லாவற்றையும் கணக்கால் அளந்துவிட முடியாது என்ற அடக்கமும் வேண்டும்.

முதல் மூன்றும் கோவிடம் நிறையவே இருந்தன. துணிவு சற்று அதிகமாகவே இருந்தது. அடக்கம் எந்த அளவுக்கு இருந்தது என்பதை, 1959-ல் படியை இழந்த எழுத்தரும், 1980-களில் மெதுவாகக் கற்கும் வகுப்பில் உட்கார வைக்கப்பட்ட பிள்ளையும் ஒரு விதமாகச் சொல்வார்கள்; ஜூரோங்கில் முதல் சம்பளம் வாங்கிய தொழிலாளி வேறு விதமாகச் சொல்வார். அவர்கள் எல்லாரையும் கேட்ட பிறகே அவர் வரலாறு முழுமையாகும்.